வரி இல்லாத வண்டி

ஷோரூமில் எழுதிக் கொடுத்த விலைச் சீட்டைச் சாப்பாட்டுத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு அண்ணன் புலம்பினான். ஸ்கூட்டர் விலை ஒன்று, நாம் கட்டவேண்டிய விலை வேறு. நடுவில் சாலை வரி, பதிவுக் கட்டணம், இன்சூரன்ஸ், நம்பர் ப்ளேட்.

"வண்டிய தொடறதுக்கு முன்னாடியே இவ்ளோ புடுங்குறானுங்களே!" என்றவன், சட்டென்று என் காலைப் பார்த்தான். "உன் பேர்ல எடுத்தா ரோட் டாக்ஸ் கிடையாதாமே?"

உண்மைதான். சின்ன வயதில் வந்த போலியோவில் என் இடது கால் சூம்பிவிட்டது. என்னைப் போன்றவர்கள் தங்கள் பெயரில், பக்கச் சக்கரம் பொருத்தி, தாங்களே ஓட்டுவதற்காகப் பதிவு செய்தால் வரி விலக்கு உண்டு. அப்படி ஒரு வண்டிக்காகத்தான் நான் காத்திருந்தேன். பட்டுப்புடவைக்குக் கம்ப்யூட்டரில் டிசைன் போடும் கடையில் எனக்கு வேலை. ஷேர் ஆட்டோவில் ஊன்றுகோலை உள்ளே வைத்து நான் ஏறுவதற்குள் டிரைவர் "சீக்கிரம்மா, சீக்கிரம்மா" என்று ஆக்ஸிலேட்டரை முறுக்குவார்.

முன்பணம் என்னுடையது, தவணை அண்ணனுடையது. ஒரகடத்தில் கம்பெனி வேலைக்குப் போகிற அவனுக்கு, விடியலில் கம்பெனி பஸ்ஸைப் பிடிக்க வண்டி வேண்டும். அம்மாவும் அவன் பக்கம்தான். "உனக்கென்னம்மா, அவன் லீவுல கோயில் குளம்னு கூட்டிக்கினு போவான். மகாராணி மாதிரி பின்னாடி உக்காந்துக்கினு போ" என்றாள். மகாராணிக்குச் சாவி மட்டும் கிடையாது!

பக்கச் சக்கரம் பொருத்திய மெக்கானிக்கிடம் அண்ணன் என் எதிரிலேயே சொன்னான்: "போல்ட்ட ரொம்ப முறுக்காதபா. இன்ஸ்பெக்‌ஷன் முடிஞ்சா கழட்டிடலாம்."

நான் என்ன, சுவரில் மாட்டிய காலண்டரா? பற்றிக்கொண்டு வந்தது எனக்கு. ஆனாலும் வாயைத் திறக்கவில்லை. திறந்தால், "அப்போ என் பேர்லயே எடுத்துக்கறேன், டாக்ஸ் போனா போகுது" என்பான். தவணை கட்டுகிறவன் அவன். அப்புறம் எனக்கு ஏது வண்டி? ஆனால் அவனுக்குத் தெரியாத ஒன்று என்னிடம் இருந்தது. கடைத் தோழி ஒருத்தி இதே மாதிரி வண்டி வைத்திருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் தாமல் ஏரிப் பக்கம் கூட்டிப்போய் அவள் எனக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்திருந்தாள்.

ஆர்.டி.ஓ. ஆபீஸ் மைதானத்துக்கு ஷோரூம்காரர் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தினார். பதிவுக்காக எடுத்திருந்த என் எல்.எல்.ஆரை, அதுதான் பழகுநர் லைசென்ஸை, இன்ஸ்பெக்டர் பார்த்துவிட்டு, "யார் ஓட்டப்போறது?" என்றார்.

"தங்கச்சிதான் சார்" என்றான் அண்ணன், கூசாமல்.

"ஓட்டிக் காட்டச் சொல்லு."

அண்ணன் முகம் செத்துவிட்டது. நான் ஊன்றுகோலை அவன் கையில் கொடுத்துவிட்டு, இடது காலைக் கையால் தூக்கி வைத்து ஏறினேன். வண்டி நகர்ந்ததுமே இடது பக்கச் சக்கரம் கடகடவென்று ஆடியது. திருப்பத்தில் இன்னும் அதிகம். காமாட்சி தாயே, இந்த ஒரு சுற்று மட்டும் கழன்று விழாமல் இருக்கட்டும் என்று வேண்டிக்கொண்டே, அண்ணனை வாய்க்குள் திட்டித் தீர்த்தேன். கை வேர்த்து ஆக்ஸிலேட்டர் வழுக்கியது. எப்படியோ சுற்றி வந்து நிறுத்திவிட்டேன்.

இன்ஸ்பெக்டர் குனிந்து சக்கரத்தைப் பிடித்து ஆட்டினார். "இது ஏன் இந்த ஆட்டம் ஆடுது? இப்படின்னா நான் கையெழுத்துப் போட மாட்டேன். வரியக் கட்டிட்டு சாதா வண்டியாவே பதிஞ்சுக்கோங்க."

வாய் ஓயாத என் அண்ணன் "சரி" என்பதற்குள் நான் முந்திக்கொண்டேன். "இப்பவே முறுக்கிடுவான் சார்!"

ஷோரூம்காரரிடம் ஸ்பேனர் வாங்கிக்கொண்டு அண்ணன் வெயிலில் குந்தினான். நான் வண்டியை விட்டு இறங்கவில்லை.

"இன்னும் முறுக்குண்ணா."

"அதான் முறுக்கிட்டேனே."

"இன்னும். அந்தப் பக்கமும்."

அவன் நிமிர்ந்து என்னைப் பார்த்தான். "எங்க கத்துக்கினே?" என்றான், இன்ஸ்பெக்டர் காதில் விழாமல். நான் போல்ட்டை நோக்கி விரலை நீட்டினேன். அவன் மறுபடி குனிந்து முறுக்கினான். இன்ஸ்பெக்டர் இன்னொரு முறை ஆட்டிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

நம்பர் ப்ளேட் வரும்வரை வண்டி ஷோரூமில்தான் இருந்தது. எனக்கு நிம்மதியே இல்லை. முறுக்கியதைக் கழட்ட எவ்வளவு நேரம் ஆகும்? அண்ணனும் அதைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. அது இன்னும் பயமாக இருந்தது. ப்ளேட் வந்த அன்று அதை ரிவெட் ஆணி அடித்துப் பொருத்திய ஆள், "இத இனிமே கழட்ட முடியாதுக்கா, உடைச்சாத்தான் உண்டு" என்றார். அப்படியே அந்தப் பக்கச் சக்கரங்களுக்கும் ஓர் ஆணி அடித்துவிடேன் ஐயா என்று கேட்க நினைத்தேன்.

அண்ணனைப் பின்னால் உட்காரவைத்து நான்தான் ஓட்டிவந்தேன். தெருமுனைப் பிள்ளையார் கோயிலில் அம்மா பூவும் எலுமிச்சம்பழமுமாக நின்றிருந்தாள். பழம் இரண்டே இரண்டு. சக்கரத்தடியில் வைத்து நசுக்கினால் திருஷ்டி போகும் என்று எங்கள் ஊரில் எந்தப் புது வண்டிக்கும் செய்வதுதான்.

"நாலு சக்கரம்மா இது" என்றேன்.

"அதெல்லாம் நாளைக்கு கழட்டப்போறது தானே?" அம்மா அண்ணனைப் பார்த்தாள்.

அண்ணன் வண்டியைப் பார்த்தான். ஸ்பேனர் பிடித்த கையில் கொப்புளம் இன்னும் ஆறவில்லை. எதிரே இருந்த பூக்கடையைப் பார்த்து நடந்தான். "ரெண்டு எலுமிச்சம்பழம் குடுக்கா" என்று அவன் கேட்டது எனக்கு நன்றாகக் கேட்டது.

இருந்தாலும் அவன் திரும்பி வருவதற்குள் சாவியை உருவிக் கைக்குள் வைத்துக்கொண்டேன்.