கிராஃபிஷ் உரித்த கை

ஹூஸ்டனில் பக்கத்து மாநிலமான லூசியானாவின் கேஜன், கிரியோல் பாணி உணவுக் கடைகளை நடந்தே சுற்றிக்காட்டும் டூர் அது. நாங்கள் எட்டுப் பேர், ஒரு கைடு. என் நான்கு வயது மகளுக்கு இறால், நண்டு வகை எதுவும் ஆகாது. கைடிடம் அதை மூன்று முறை சொல்லி, அவளுக்குத் தனியாக ராஜ்மா சோறு வாங்கினேன்.

மேசை மேல் வெந்த கிராஃபிஷைக் கொட்டினார்கள். நண்டின் கொடுக்கும் இறாலின் வாலும் கொண்ட ஆற்று உயிரி அது. “நீயாவது நல்லா சாப்பிடேன்டி” என்றார் கணவர். தலைகளைத் திருகிப் பிய்த்து, ஓடுகளை நொறுக்கிச் சதையைத் தின்றேன். மகள் சோற்றைத் தொடவே இல்லை. கைடு அடுத்த கடைக்கு அவசரப்படுத்தினார். கை கழுவ வரிசை நின்றது. டிஷ்யூவில் விரல்களைத் துடைத்துவிட்டு, வீட்டில் செய்வதுபோலவே சோற்றைப் பிசைந்து ஊட்டினேன்.

நான்காவது வாயில் அவள் உதடு வீங்கியது. மூச்சு விசிலடித்தது. என் நகக்கண்களில் சிவப்பு மசாலா இருந்தது.

“காலை அமுக்கிப் பிடிங்க!” என்று கணவரிடம் கத்தினேன். அவர் முழங்காலால் அழுத்தினார். அவள் திமிறி என் கழுத்தைப் பிறாண்டினாள். கைப்பையில் எப்போதும் வைத்திருக்கும் அலர்ஜி ஊசியை எடுத்து, பேண்ட்டோடு சேர்த்து அவள் தொடையில் குத்தி, அசையாமல் பிடித்துக்கொண்டேன்.

ஆம்புலன்ஸில்தான் அவளுக்குக் குரல் திரும்பியது. “யூ ஹர்ட் மீ, அம்மா!” என்று என் கன்னத்தில் அறைந்தாள். மறுபடியும் அறைந்தாள்.

“ஏய், அம்மாவ அடிக்காத!” என்று கணவர் தடுக்க வந்தார்.

“விடுங்க, அடிக்கட்டும்” என்றேன். ஒவ்வொரு அடியும் முந்தையதைவிடப் பலமாக விழுந்தது.