மோனாலிசாவுக்கு வைத்த பொட்டு

செந்தாமரையின் புருவங்களை மணிமங்கலத்துச் செங்கல் சூளை தின்றுவிட்டது. பதினாறு வயதில் சூளை வாயருகே குனிந்தவளின் முகத்தில் அனல் அடித்தது. இமைமுடி திரும்ப வளர்ந்தது, நெற்றி முடி வளர்ந்தது, புருவம் மட்டும் வரவேயில்லை. இப்போது அவளுக்கு ஐம்பத்தெட்டு வயது. யாராவது அதைப் பற்றிக் கேட்டால், "புருவந்தான போச்சு? தலை போவல இல்ல?" என்று அவர்கள் வாயை அடைத்துவிடுவாள்.

நான்காம் வகுப்போடு படிப்பு முடிந்துபோனவள். ஆனால் ஒரகடத்தில் கார்களுக்கு ஒயர் கட்டிக் கொடுக்கும் அந்தக் கம்பெனி எழும்பியபோது அஸ்திவாரத்துக்குச் செங்கல் சுமந்தவர்களில் அவளும் ஒருத்தி. கட்டடம் முடிந்ததும் மற்றவர்கள் சும்மாட்டை உதறிக்கொண்டு அடுத்த கட்டடத்துக்குப் போனார்கள். இவள் துடைப்பத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். அதுதான் மூளை. பதினாறு வருடத்தில் துடைப்பம் போய் மாப்பு வந்தது, மாப்பு போய் மெஷின் வந்தது, இன்றைக்கு நாற்பத்திரண்டு பெண்களுக்கு மேல் அவள் சூப்பர்வைசர். கம்பெனிக்குள் வருவதற்கு இரண்டு வருடம் முன்பே கணவர் போய்ச் சேர்ந்துவிட்டார். தனி ஆளாய் நின்று இரண்டு பெண்களையும் காலேஜில் படிக்கவைத்துக் கட்டிக்கொடுத்தாள். படப்பையில் மாடி வைத்த வீடு. எந்தப் பட்டதாரியாவது இதில் பாதி செய்திருந்தால் வந்து சொல்லட்டும்.

"இந்தக் கம்பெனில எந்த டைல்ஸ் ஆடும், எந்தக் கொழா ஒழுகும்னு பெரிய சாருக்கே நான் சொன்னாதான் தெரியும்" என்பாள். பீற்றிக்கொள்கிறாள் என்று சிலர் சொல்வார்கள். ஆனால் அவள் சொன்ன குழாய் ஒழுகாமல் இருந்ததில்லை.

ஒரே ஒரு குறை இருந்தது. கம்பெனி வரவேற்பறைச் சுவரில் வரிசையாய்ப் படங்கள் மாட்டியிருக்கும். ஒவ்வோர் ஆயுத பூஜைக்கும் ஒயர் கட்டும் எந்த லைன் அலங்காரத்தில் முதல் பரிசு வாங்குகிறதோ, அந்த லைனின் குரூப் ஃபோட்டோ அங்கே ஏறும். பதினைந்து படம் ஏறிவிட்டது. தினமும் காலை ஆறே காலுக்கு அந்தப் பதினைந்து கண்ணாடியையும் துடைப்பது செந்தாமரைதான். அவளோ அவள் ஆட்களோ ஒன்றில்கூட இல்லை. துப்புரவு ஆட்கள் கான்ட்ராக்ட், கம்பெனி ஆட்கள் இல்லை. அலங்காரம் முடிந்து குப்பை அள்ளுவதற்கு வேண்டும், ஃபோட்டோவுக்கு வேண்டாம். அவள் யாரிடமும் இதைச் சொன்னதில்லை. துடைக்கும்போது அந்தப் பிள்ளைகளின் மூக்கைக் கொஞ்சம் அழுத்தித் துடைப்பாள், அவ்வளவுதான்.

இந்த வருடம் பூஜைக்கு இரண்டு வாரம் முன்பு, மூன்றாம் லைன் பெண்கள் கேன்டீனில் தலையைச் சேர்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். லைன் லீடர் எழிலரசி படப்பைக்காரி. கூட இருந்த பேச்சி திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து ஹாஸ்டலில் தங்கி வேலை பார்ப்பவள். ஐந்தாம் லைன் வருடாவருடம் தெர்மாகோல் கோபுரம் கட்டி ஜெயித்துக்கொண்டிருந்தது. இவர்களுக்கு அது தாங்கவில்லை. உலகத்துப் புகழ்பெற்ற ஓவியங்களில் இருக்கும் பெண்களைப் போல வேடமிட்டு, பெரிய சட்டங்களுக்குள் அசையாமல் நிற்பது என்பது பேச்சியின் யோசனை. மேசை துடைக்க வந்த செந்தாமரையை நிமிர்ந்து பார்த்தவள், அப்படியே உறைந்துபோனாள்.

"பெரியம்மா, ஒங்களுக்குப் புருவமே இல்லலா!"

"இப்பதான் கண்ணு தெரிஞ்சுதா ஒனக்கு?"

"இல்ல பெரியம்மா, இங்க பாருங்க. இவளுக்கும் இல்ல." பேச்சி செல்ஃபோனை நீட்டினாள். கைமேல் கை வைத்து உட்கார்ந்திருந்தாள் மோனாலிசா.

செந்தாமரை ஃபோனை வாங்கித் தூரப் பிடித்துப் பார்த்தாள். "இவளும் சூளைல வேல செஞ்சவளா?"

எல்லாரும் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. விரலால் தள்ளி அடுத்தடுத்த படங்களைப் பார்த்தாள். தலையில் நீலத் துணி கட்டி, காதில் ஒற்றை முத்து ஆட, திரும்பிப் பார்க்கும் பெண். "இத்த யாரோ பாதி வேலைல கூப்ட்டிருக்காங்க. நானும் இப்டிதான் திரும்புவேன்." கையால் சுடரை மறைத்துக்கொண்டு விளக்கேந்தி நிற்கும் நம் நாட்டுப் பெண். "காத்து எந்தப் பக்கம்னு தெரிஞ்சவ." பிறகு வரிசையாய்க் கட்டிலில் துணியில்லாமல் படுத்திருந்த சீமாட்டிகள். "இம்மாம் பெரிய கட்டிலு வாங்கினவன் ஒரு பொடவ வாங்கித் தரக் கூடாதா? பாவம், குளுரும்." கடைசியில் ஜன்னல் ஓரம் நின்று பாத்திரத்தில் பால் ஊற்றும் ஒரு வேலைக்காரப் பெண். அங்கே விரல் நின்றுவிட்டது.

"இவ வேலக்காரி பாரு. பால நூலு மாதிரி ஊத்தறா, ஒரு சொட்டு சிந்தல. இவளப் போயி யாரு வரைஞ்சது?"

"பெரிய ஓவியரு பெரியம்மா. லட்சக்கணக்கான சனம் க்யூவுல நின்னு பாக்குதாம்."

"வேலக்காரியவா?"

"ஆமா."

செந்தாமரை ஃபோனைத் திருப்பிக் கொடுத்தாள். மேசையை இரண்டு முறை துடைத்தாள். பிறகு கேட்டாள்: "நான் நின்னு, நீங்க ஜெயிச்சா, அந்த ஃபோட்டோல நான் இருப்பேனா?"

எழிலரசி யோசிக்காமல், "கண்டிப்பா இருப்பக்கா" என்றாள். விதிமுறை அவளுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் சொல்லியிருக்க மாட்டாள்.

செய்தி மதியத்துக்குள் வாசல் வரை போய்விட்டது. அங்கே செக்யூரிட்டி சூப்பர்வைசர் கோதண்டம். அவரும் மணிமங்கலம்தான், அவளுக்குச் சின்ன வயதிலிருந்து தெரிந்தவர். இரண்டு பக்கமும் முறுக்கிவிட்ட மீசை, அதற்கு மாலையில் எண்ணெய், காலையில் சீப்பு.

"இன்னா செந்தாமர, பத்து நிமிசம் அசையாம நிக்கணுமாமே? பேசாமயுமா?"

"ஆமா. அதுக்கு இன்னா இப்போ?"

"நீ தூங்கறப்பகூட யாரையாவது வேல வாங்கிகினு இருப்ப. நீ பத்து நிமிசம் வாய மூடிகினு நின்னா, தோ, இந்த மீசைய எடுத்துடறேன்."

"கத்திய சாணை புடிச்சு வச்சுக்க" என்று சொல்லிவிட்டுப் போனாள். போனவள் திரும்பி வந்து, "நல்லா புடி. கம்பி மாதிரி கீது" என்றாள்.

வேலை தொடங்கியது. பார்சல் பெட்டிப் பலகைகளை இழைத்து நான்கு பெரிய சட்டங்கள் செய்து தங்கப் பெயின்ட் அடித்தார்கள். பழைய ஃபிளெக்ஸின் வெள்ளைப் பின்பக்கத்தில் மலையும் வளைந்த பாதையும் தண்ணீரும் வரைந்தாள் பேச்சி. "நம்ம ஏரி மாதிரியே கீது" என்றாள் செந்தாமரை. கறுப்புத் துப்பட்டா தலைக்கு, பச்சைப் புடவை உடம்புக்கு. எல்லாம் பொருந்தியது, சிரிப்பு மட்டும் பொருந்தவில்லை.

"கொஞ்சமாச் சிரிங்க பெரியம்மா."

செந்தாமரை சிரித்தாள். முப்பத்திரண்டு பல்லும் தெரிந்தது.

"அய்யோ, இம்புட்டு வேண்டாம். உதட்டோரமா."

இப்போது பார்த்தால் கடன்காரனைக் கண்டவள் மாதிரி இருந்தது.

"கொஞ்சமா இன்னாத்த சிரிக்கறது? வந்தா முழுசா வரும், இல்லாட்டி வராது. எனக்குப் பாதி வேல செஞ்சு பழக்கமில்ல."

இரண்டு வாரமும் கண்ணாடியைப் பார்த்துப் பயிற்சி செய்தாள். வீட்டுக் கண்ணாடி, கம்பெனிக் கழிவறைக் கண்ணாடி, ஷேர் ஆட்டோக் கண்ணாடி. ஆட்டோக்காரர் பயந்துபோய், "இன்னாம்மா, ஒடம்பு சரியில்லயா?" என்று கேட்டார்.

ஆயுத பூஜை வந்தது. காலையிலேயே மெஷின்கள் நின்று, குடும்பம் குடும்பமாக ஆட்கள் உள்ளே வந்தார்கள். பொரி, கடலை, வாழைக்கன்று, சாம்பிராணி. ஐந்தாம் லைனில் வழக்கம்போல் கோபுரம், இந்த வருடம் ஏழு நிலை. மூன்றாம் லைனில் கறுப்புத் திரைக்கு முன்னால் நான்கு தங்கச் சட்டம். முதல் சட்டத்தில் பால் ஊற்றும் பெண்ணாக எழிலரசி, இரண்டாவதில் முத்துத் தோட்டோடு பேச்சி, மூன்றாவதில் விளக்கேந்தி ரத்னா என்ற அதே லைன் பெண். கடைசியில், ஸ்டூலில் உட்கார்ந்து கைமேல் கை வைத்து, செந்தாமரை. மேலிருந்து மஞ்சள் விளக்கு. கோதண்டம் எதிரே வந்து கையில் வாட்ச்சோடு நின்றுகொண்டார்.

அப்போதுதான் பிச்சையா வந்தார்.

பிச்சையா மெயின்டனன்ஸ் பிரிவில் மூத்தவர். ஒவ்வொரு வருடமும் பூஜையன்று ஒரு கையில் சந்தனக் கிண்ணம், ஒரு கையில் குங்குமத் தட்டோடு கம்பெனி முழுவதும் சுற்றிப் பொட்டு வைப்பது அவர் வேலை. மெஷினுக்கு, ஸ்க்ரூடிரைவருக்கு, பிரின்டருக்கு, தள்ளுவண்டிக்கு, தீயணைக்கும் சிலிண்டருக்கு. எதையும் விடமாட்டார். கண்ணில் புரை விழுந்து ஆபரேஷனுக்குத் தேதி வாங்கியிருந்தார். அன்றைக்குப் பின்வாசல் வழியாக மூன்றாம் லைனுக்குள் வந்ததால், அவர் கண்ணில் முதலில் பட்டது கடைசிச் சட்டம்.

"அடடா, இன்னா தத்ரூபமா வரைஞ்சுக்கீறானுங்க" என்று வாய்விட்டுச் சொன்னார். சந்தனத்தில் விரலைத் தோய்த்தார். கோதண்டம் கையை நீட்டுவதற்குள் மோனாலிசாவின் நெற்றி நடுவில் ஒரு சந்தனப் பொட்டு. அதன் மேல் குங்குமம்.

கூட்டம் கப்பென்று அடங்கியது. செந்தாமரையின் நெற்றியில் பதினெட்டு வருடமாகக் குங்குமம் ஏறியதில்லை என்பது அங்கே பாதிப் பேருக்குத் தெரியும். ஒவ்வொரு பூஜையிலும் குங்குமத் தட்டு வரும் நேரம் பார்த்து அவளுக்குத் துடைப்பதற்கு எங்காவது ஒரு மூலை இருக்கும்.

விரலின் ஈரம் நெற்றியில் குளிர்ந்தது. கையை எடுத்துத் துடைத்துவிடலாம். துடைத்தால் அசைந்ததாகிவிடும். அசைந்தால் போட்டி போச்சு, சுவர் போச்சு, கோதண்டத்தின் மீசை பிழைத்துவிடும். ஒரு குங்குமப் பொடி மூக்கின் மேல் விழுந்து கூசியது. இந்த மனுஷன் நம்மைத் தள்ளுவண்டி என்று நினைத்துவிட்டானே என்று வயிற்றிலிருந்து ஒரு சிரிப்பு கிளம்பியது. தொண்டைக்கு வருவதற்குள் அதோடு வேறு ஏதோ ஒன்று சேர்ந்துகொண்டது. கண்ணுக்குள் சுட்டது. இரண்டையும் விழுங்கினாள். விழுங்கியதில் உதட்டின் ஓரம் மட்டும், தானாக, லேசாக மேலே ஏறியது.

அடக்கமுடியாத சிரிப்பில் பக்கத்துச் சட்டங்கள் கிடுகிடுவென்று ஆடின. எழிலரசியின் பால் நான்கு சொட்டுச் சிந்தியது, ரத்னாவின் விளக்கு அணைந்தது, முத்துத் தோடு கூத்தாடியது. கடைசிச் சட்டம் மட்டும் சுவர் மாதிரி நின்றது.

பெரிய சாரும் அவர் மனைவியும் ஒரு வெளிநாட்டு விருந்தாளியும் வந்தார்கள். விருந்தாளி சட்டத்துக்கு மிக அருகில் வந்து முகத்தைப் பார்த்தார். ஒரு நிமிடம், இரண்டு நிமிடம். மோனாலிசா கண் சிமிட்டியதும் இரண்டடி பின்னால் குதித்தார். பிறகு கைதட்டினார். கூட்டமும் கைதட்டியது. வாட்ச்சைப் பார்த்த கோதண்டம் மட்டும் மீசையைத் தடவிக்கொண்டார்.

பதினொரு நிமிடம். ஒன்று கூடவே கொடுத்தாள். அதுதான் செந்தாமரை.

விஷயம் தெரிந்ததும் பிச்சையா தட்டோடு ஓடிவந்தார். "யம்மா, சத்தியமா படம்னு நெனைச்சுதான் வச்சேன். மனசுல வச்சுக்காத. தொடச்சுடு, தொடச்சுடு."

"இன்னாத்துக்குத் தொடைக்கணும்?" பதினொரு நிமிடம் அடைத்து வைத்திருந்த வாய் திறந்துகொண்டது. "மெசினுக்கு வக்கிற, பிரின்டருக்கு வக்கிற, காத்து எறங்கின தள்ளுவண்டிக்கு வக்கிற. இங்க வேல செய்யுதுன்னுதான வக்கிற? அதுங்களவிட நான் கம்மியாவா செஞ்சேன்? பதினாறு வருசம் லேட்டா வச்சிருக்க. அதுக்கு வேணா மன்னிப்புக் கேளு."

முதல் பரிசு மூன்றாம் லைனுக்கு. ஃபோட்டோவுக்கு நிற்கும்போது ஹெச்.ஆர். நம்பிராஜன் லிஸ்டோடு வந்தார். நல்ல மனிதர்தான். லிஸ்ட்தான் அவருக்குத் தெய்வம்.

"லைன் மெம்பர்ஸ் மட்டும் நில்லுங்க. கான்ட்ராக்ட் ஸ்டாஃப் இதுல வரக் கூடாதும்மா, தப்பா எடுத்துக்காதீங்க."

செந்தாமரை ஒன்றும் பேசவில்லை. பதினொரு நிமிடப் பழக்கம் இன்னும் கொஞ்சம் மிச்சமிருந்தது. துப்பட்டாவை இறக்கப் போனாள். பேச்சி அந்தக் கையைப் பிடித்து, அவளைத் தரதரவென்று இழுத்துப் போய்ச் சட்டத்துக்குள் உட்காரவைத்தாள்.

"சார், இது யாரு?"

"செந்தாமரையம்மா."

"இல்ல சார், மோனாலிசா. ஜெயிச்ச அலங்காரத்தோடதான ஃபோட்டோ எடுக்கணும்? போன வருசம் கோபுரத்தோட எடுத்தாவள்லா? கோபுரத்துக்கு என்ன ஐடி கார்டா கேட்டிய?"

நம்பிராஜன் லிஸ்டைப் பார்த்தார். கோபுரம் பற்றி அதில் ஒன்றும் இல்லை. பெரிய சார் விழுந்து விழுந்து சிரித்தார். "நம்பி, படத்துல இருக்கற அம்மாவ யாரும் வெளில அனுப்ப முடியாது. எடுக்கச் சொல்லுங்க."

குங்குமம் அன்று ஷேர் ஆட்டோவில் படப்பை வரை அவளோடு போனது. ஆட்டோக்காரர், "ஒடம்பு தேவலையாம்மா?" என்று கேட்டார். "ரொம்ப ஜோரா கீது" என்றாள்.

பத்து நாள் கழித்துப் பதினாறாவது படம் சுவரில் ஏறியது. காலை ஆறே கால். செந்தாமரை துணியை நனைத்துப் பிழிந்து முதலிலிருந்து துடைத்துக்கொண்டே வந்தாள். பழைய பிள்ளைகளின் மூக்குகளை இன்று மெதுவாகவே துடைத்தாள். பதினாறாவதில் லைன் பெண்கள் இரண்டு பக்கமும் பல் தெரியச் சிரிக்க, நடுவே தங்கச் சட்டத்துக்குள் பொட்டு வைத்த ஒருத்தி உதட்டோரம் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தாள். அந்தக் கண்ணாடிக்கு மட்டும் இரண்டு முறை.

"அந்த வெளிநாட்டுக்காரி ஏன் அப்டி சிரிக்கறான்னு இத்தினி வருசமா ஆராய்ச்சி பண்றாங்களாமே" என்று பின்னால் ஒரு குரல் கேட்டது.

"இன்னா ஆராய்ச்சி? சிரிப்ப அடக்கிகினு ஒக்காந்திருப்பா. வரையறவன் ஏதாவது கோணங்கித்தனம் பண்ணியிருப்பான்" என்று சொல்லிக்கொண்டே திரும்பினாள்.

கோதண்டம் நின்றிருந்தார். பத்து நாளாக இன்றைக்கு, நாளைக்கு என்று இழுத்துக்கொண்டிருந்தவர் கடைசியில் வாக்கைக் காப்பாற்றிவிட்டார். மூக்குக்குக் கீழே உரித்த முட்டை மாதிரி வழவழவென்று இருந்தது. வாசலில் அவர் ஆட்களே ஐடி கார்டைக் காட்டச் சொன்னார்களாம்.

செந்தாமரை அவரை மேலும் கீழும் பார்த்தாள். சுவரில் இருந்தவள் அடக்கிக்கொண்டாள். இவள் அடக்கவில்லை. முப்பத்திரண்டு பல்லும் தெரிய, வரவேற்பறை அதிரச் சிரித்தாள்.

"வா கோதண்டம், இப்பதான் சரிசமமா கீறோம். எனக்குப் புருவம் இல்ல, ஒனக்கு மீச இல்ல. அடுத்த வருசத்துக்கு ரெண்டு சட்டமா செய்யச் சொல்லட்டா?"