என் முட்டிக்கு நடந்த அற்புதம்

போன ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஊர்ப் பெரிய கோயிலில் ஓர் அற்புதம் நடந்தது. சக்கர நாற்காலியில் வந்த ஒருவர், சாமிக்குக் கற்பூரம் காட்டிய நேரத்தில் தானாக எழுந்து நின்றார். பார்த்தவர்கள் பத்துப் பதினைந்து பேராவது இருப்பார்கள்.

அந்த ஒருவர் நான்தான்.

அவசரப்பட்டுக் கன்னத்தில் போட்டுக்கொள்ளாதீர்கள். முழுதாகப் படித்துவிட்டு, வேண்டுமானால் என் கன்னத்தில் போடுங்கள்.

திருவண்ணாமலைக்காரர்களுக்கு ஒரு வியாதி உண்டு. வெளியூரில் எங்கே போனாலும், ஊர்ப் பெயரைச் சொன்னதும் எதிரில் இருப்பவர் கையெடுத்துக் கும்பிடுவார். நம்மை இல்லை... மலையை. ஆனால் வருஷக்கணக்கில் வாங்கிக்கொண்டே இருந்தால், கும்பிடு நமக்குத்தான் என்று ஒரு நாள் தோன்றிவிடும். அப்புறம் வாய் சும்மா இருக்குமா? "கோயிலுக்கு வரணுமா? ஒரு போன் பண்ணுங்க, நான் பாத்துக்கறேன்." இதைச் சொல்லாத உள்ளூர்க்காரனை நான் இதுவரை பார்த்ததில்லை.

நானும் சொன்னேன். மகள் கல்யாண மண்டபத்தில், வாயில் பீடாவோடு, தாம்பரத்து சம்பந்தியிடம் சொன்னேன். அரை மணி நேரத்தில் தரிசனம், என் பொறுப்பு என்றேன். சம்பந்தி அதை மறக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலை மனைவி, தம்பி, தம்பி மனைவி, அக்கா, அக்கா வீட்டுக்காரர் என்று ஆறு பேராக வேனில் வந்து இறங்கிவிட்டார்.

கோயிலில் எனக்குத் தெரிந்தவர் ஒரே ஒருவர். அவர் ரிட்டயராகி, மகனோடு ஓசூர் போய் ஆறு மாதம் ஆகிறது. அதை நான் சம்பந்தியிடம் சொல்லவில்லை.

பொது வரிசை தேர் வீதி வரைக்கும் நீண்டு கிடந்தது. மூன்று மணி நேரம் என்றார்கள். சம்பந்தி வரிசையைப் பார்த்தார். அப்புறம் என்னைப் பார்த்தார். நான் மலையைப் பார்த்தேன்.

அப்போதுதான் வாசல் பக்கத்தில் குமரன் தென்பட்டார். செங்கம் ரோட்டில் ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவர். ஞாயிற்றுக்கிழமைகளில், நடக்க முடியாதவர்களைச் சக்கர நாற்காலியில் வைத்து அழைத்துப்போகும் ஒரு சேவைக் குழுவில் இருக்கிறார். அதைவிட முக்கியம், பத்திரிகையில் நான் எழுதும் இந்தப் பத்தியை வாராவாரம் படிப்பவர். என்னைப் பார்த்ததும் முகமெல்லாம் சிரிப்பாக, "என்ன சார், முட்டி எப்டி இருக்குது?" என்றார்.

உங்களுக்கு நினைவிருக்கும். இரண்டு வாரத்துக்கு முன்னால் இதே பக்கத்தில் என் முட்டிவலியைப் பற்றி எழுதியிருந்தேன். மாடிப்படி ஏறுவதற்குள் மூன்று முறை உட்கார்ந்தேன் என்று எழுதினேன். நீங்கள் எத்தனை பேர் கடிதம் போட்டீர்கள்! முடவாட்டுக்கால் கிழங்கில் சூப் வைக்கும் பக்குவத்தை ஒரு வாசகி நாலு பக்கத்துக்கு எழுதி அனுப்பியிருந்தார். அம்மா, மன்னிக்க வேண்டும்... அந்தக் கட்டுரையில் முட்டி நிஜம். வலியில் முக்கால்வாசி என் கற்பனை.

குமரன் கேட்டதும் என் கை தானாக முட்டிக்குப் போனது. முகம் தானாகக் கோணியது. "ஜாஸ்தியாத்தான் இருக்குது குமரா," என்றேன்.

பதில் சொல்லி முடிப்பதற்குள் சக்கர நாற்காலி வந்துவிட்டது. அன்றைக்கு இருந்ததே இரண்டு. ஒன்று ஏற்கெனவே உள்ளே போயிருந்தது. மற்றொன்றுக்காக ஒரு தம்பதி என்னைவிட முன்னாலேயே வந்து, சுவரோரம் நிழலில் உட்கார்ந்திருந்தார்கள். கணவருக்கு ஐம்பத்தைந்து வயது இருக்கும். வலது கை மடியில் செத்ததுபோல் கிடந்தது. வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது. அவர்களுடைய மகள் பையையும் செல்போனையும் வைக்கப் போயிருந்தாள். அவள் வந்ததும் கிளம்ப வேண்டியதுதான்.

குமரன் அவர்களைப் பார்த்துத் தயங்கினார். அரை மணி நேரத்தில் சார் திரும்பிவிடுவார் என்று சொல்லிப் பார்த்தார். அந்த அம்மா உடனே, "சாரு போயிட்டு வரட்டுங்க. பாவம், வலியோட நிக்கறாரு. நாங்க வெய்ட் பண்றோம்," என்றார்.

இந்த இடத்தில் திரும்பி ஓடியிருக்க வேண்டும். நான் உட்கார்ந்தேன்.

ஒரு நாற்காலிக்குத் துணையாக இரண்டு பேர்தான் போகலாம். என்னோடு ஆறு பேர். குமரன் தலையைச் சொறிந்தார். "உள்ளூர்க்காரன்பா," என்றேன். அதில் என்ன நியாயம் என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஒரு பெரிய பட்டியலே வைத்திருந்தேன். பௌர்ணமிக்குப் பௌர்ணமி எங்கள் தெருவில் தடுப்பு வைக்கிறார்களா இல்லையா? என் வீட்டுக்கு நானே ஆதார் கார்டு காட்டிப் போகிறேனா இல்லையா? தீபத்தன்று பால் பாக்கெட் வாங்க இரண்டு கிலோமீட்டர் சுற்றுகிறேனா இல்லையா? இவ்வளவு கஷ்டத்துக்கும் சாமி எனக்கு ஏதோ செய்யக் கடமைப்பட்டிருக்கிறார் என்றே நினைத்துக்கொண்டிருக்கிறேன். அவரும் இதே ஊர்தானே... பக்கத்து வீட்டுக்காரர் மாதிரி!

உள்ளே ராஜ மரியாதை. கூட்டம் விலகியது. சம்பந்தியின் தம்பி நாற்காலியைத் தள்ள, சம்பந்தி பக்கத்தில் நெஞ்சை நிமிர்த்தி நடந்தார். என் மகளைக் கொடுத்த இடத்தில் என் மதிப்பு ஏறிக்கொண்டே போவது எனக்கே தெரிந்தது. வரிசையில் நின்ற குழந்தைகள் என்னைப் பரிதாபமாகப் பார்த்தன. நானும் முட்டியைத் தடவிக்கொண்டே பரிதாபமாகப் பார்த்தேன்.

சன்னிதியில் கற்பூரம் காட்டினார்கள்.

ஐந்து வயதிலிருந்து இந்தக் கோயிலுக்கு வருகிறேன். எனக்கு முன்னால் எப்போதும் உயரமான ஒருவன் நிற்பான். கற்பூரம் தெரிந்ததும் எம்பி, நுனிக்காலில் நின்று, இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கி அரோகரா போடுவது என் உடம்புக்குள் ஊறிப்போன பழக்கம். உடம்புக்கு நடிக்கத் தெரியாது. எழுந்தேன். எம்பினேன். அரோகரா போட்டேன்.

சம்பந்தியம்மா என் சட்டையைப் பிடித்து இழுத்தபோதுதான் உறைத்தது.

அதற்குள் காரியம் கெட்டுவிட்டது. ஆந்திராவிலிருந்து வந்திருந்த ஒரு பெண்மணி தெலுங்கில் ஏதோ சொல்லிக்கொண்டே குனிந்து, என் முட்டியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். பின்னால் இருந்தவர்கள் போட்ட அரோகரா மண்டபத்தையே அதிரவைத்தது. திரும்ப உட்கார முடியுமா? உட்கார்ந்தால் சாமிக்குக் கெட்ட பெயர். காலி நாற்காலியை நானே தள்ளிக்கொண்டு நடந்தேன்.

இதற்கு அப்புறமாவது நேராக வெளியே வந்தேனா? இல்லை. சம்பந்தி வீட்டார் அம்மன் சன்னிதி, நவகிரகம், பிரகாரம் என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார்கள். நானும் காலி நாற்காலியோடு கூடவே சுற்றினேன். சுவரோரம் உட்கார்ந்திருந்தவர்கள் நினைவுக்கே வரவில்லை. பொய்கூட ஏதோ ஓர் ஆசையில் சொன்னேன் என்று வைத்துக்கொள்ளலாம். இந்த மறதியை எதில் சேர்ப்பது? என் கைக்கு வந்த பொருள் எனக்கே உரியது, எப்போது திருப்பிக் கொடுப்பது என்பதும் என் இஷ்டம்... அவ்வளவு இயல்பாக இருந்தது அது.

வாசலுக்கு வந்தபோது மணி பன்னிரண்டு இருபது. பன்னிரண்டரைக்கு நடை சாத்திவிடுவார்கள். எனக்கு முன்னால் செய்தி வெளியே வந்து சேர்ந்திருந்தது. அந்த அம்மா ஓடி வந்து என் முன்னால் கை கூப்பி நின்றார்.

"சார், நீங்க என்னா வேண்டுதல் வெச்சீங்க? எத்தினி வாரமா வரீங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவரே மளமளவென்று பேசினார். போளூர்ப் பக்கத்து கிராமம். வீட்டுக்காரர் கொத்தனார். சாரத்தில் நின்று வேலை செய்துகொண்டிருந்தபோதே பக்கவாதம் வந்து, எட்டு மாதமாக இப்படி இருக்கிறார். வாரம் இரண்டு நாள் இந்த அம்மாதான் பிசியோதெரபிக்கு அழைத்துப்போகிறார். பயிற்சியை விடாமல் செய்தால் கோல் ஊன்றியாவது நடப்பார் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

"வலி தாங்காம அழுவறாரு சார். என்னால பாக்க முடியல. சாமியே எழுப்பி வுடும்னா, அதெல்லாம் நிறுத்திட்டு இங்கயே வந்து உக்காந்துக்கறோம். நீங்க சொல்லுங்க."

எல்லாம் அவன் செயல் என்று மலைப்பக்கம் கையைக் காட்டிவிட்டு வேனில் ஏறியிருக்கலாம். வாய் வரைக்கும் வந்தது. பக்கத்தில் சம்பந்தி. எதிரில் குமரன், அற்புதத்தை நேரில் பார்க்கிறவனின் ஈரக் கண்களோடு. என் மானம் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. ஆனால் நான் அதைச் சொன்னால், அந்த மனிதர் ஒருபோதும் நடக்கப்போவதில்லை.

"எனக்கு ஒண்ணுமே இல்லம்மா. நல்லாத்தான் இருந்தேன். வரிசைல நிக்க சோம்பேறித்தனம், பொய் சொல்லி உக்காந்தேன். எக்சர்சைஸ நிறுத்தாதீங்க," என்றேன்.

அவர் திட்டவில்லை. என் கால்களைப் பார்த்தார்.

"நல்லவேள சொன்னீங்க," என்றார். "இல்லன்னா சாமி மேலதான் எனக்குக் கோவம் வந்திருக்கும். உங்களுக்குக் குடுத்துட்டு இவருக்குக் குடுக்கலயேன்னு."

நாற்பது வருஷமாக எழுதுகிறேன். இப்படி ஒரு வாக்கியம் எனக்கு வாய்த்ததில்லை. இப்படி வாங்கிக் கட்டிக்கொண்டதும் இல்லை.

குமரன் நாற்காலியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டார். "உங்க பேப்பர அடுத்த வாரம் வாங்கறதா வேணாமானு யோசிக்கணும் சார்," என்று மட்டும் சொன்னார். உள்ளே மணி அடித்தது. நடை சாத்திவிட்டார்கள். இனி மூன்றரைக்குத்தான்.

சம்பந்தி வீட்டாரைச் சாப்பிட வீட்டுக்குப் போகச் சொன்னேன். போகும்போது சம்பந்தி ஒரு பார்வை பார்த்தார்... பெண் பார்க்க வந்த அன்று என்னை மேலும் கீழும் அளந்த அதே பார்வை. அன்றைக்குப் பாஸானேன்.

நான் அங்கேயே உட்கார்ந்தேன். என்ன செய்யப் போகிறேன் என்று எனக்கே தெரியாது. அந்த அம்மா டிபன் டப்பாவைத் திறந்து, கணவருக்கு ஊட்டிவிட்டு, மூடியில் கொஞ்சம் எலுமிச்சை சாதம் வைத்து என்னிடம் நீட்டினார். காலையிலிருந்து எது எதையோ என் பாத்தியதை என்று நினைத்து வாங்கிக்கொண்டவன் நான். அந்த மூடியை வாங்கத்தான் கை நீளவில்லை. "சாப்டுங்க சார், வெயில்ல மயக்கம் வந்துடும்," என்றாள் மகள். சாப்பிட்டேன்.

மூன்றரைக்கு நடை திறந்தது. நாற்காலியை நான் தள்ளுகிறேன் என்றேன். துணைக்கு இரண்டு பேர்தான், மனைவியும் மகளும் இருக்கிறார்கள் என்று குமரன் என் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். விதி என்றால் விதிதான். காலையிலேயே இருந்திருக்க வேண்டிய விதி.

அப்போது கொத்தனார் இடது கையால் என்னைக் கூப்பிட்டார். கழற்றிவைத்த செருப்பைக் காட்டினார். இழுத்து ஒட்டுகிற பட்டை வைத்தது, அவருடைய காலுக்கென்றே தேடி வாங்கியது.

"பாத்துக்க... சார்," என்றார்.

எனக்கு ஒரு வேலை கிடைத்துவிட்டது! வாசலோரம் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, அந்தச் செருப்பை ஒரு மணி நேரம் காவல் காத்தேன். நடுவில் ஒரு வாசகர் வந்து, நீங்கள் அவர்தானே என்று கேட்டார். இல்லை என்று சொல்லிவிட்டேன். அன்றைக்கு நான் சொன்ன பொய்களில் கொஞ்சம் கௌரவமானது அதுதான்.

அவர்கள் வெளியே வந்தார்கள். குனிந்து செருப்பை மாட்டிவிட்டேன். பட்டையை ஒட்டியபடியே, தரிசனம் நன்றாக ஆனதா என்று கேட்டேன்.

"ஆச்சி," என்றார் கொத்தனார். இழுத்திருந்த வாயின் ஓரத்தில் ஒரு சிரிப்பு வந்து நின்றது. "கற்பூரம்... காட்னாங்க. நான்... எழுந்துக்கல."

அவர்களை ஆட்டோவில் ஏற்றிவிட்டுத் திரும்பினேன். குத்துக்காலிட்டதில் முட்டி நிஜமாகவே பிடித்துக்கொண்டது. நொண்டி நொண்டித்தான் வீடு வந்து சேர்ந்தேன்... இதுவரை ஒருவரும் நம்பவில்லை.