மனுதாரருக்கு மட்டும்

ஊரில் அரசுப் பள்ளித் தமிழாசிரியையாக நான் ஒரு மாதத்துக்குச் சற்று அதிகமாக வேலை பார்த்தேன். என் கல்லூரித் தோழியும் அதே ஆசிரியர் தேர்வில் தேறி, பக்கத்து ஊர்ப் பள்ளியில் சேர்ந்திருந்தாள். நாங்கள் படித்த பட்டம் அந்தப் பதவிக்கு இணையானதல்ல என்று ஒரே ஆணையில் இருவரின் நியமனத்தையும் ரத்து செய்தார்கள். எங்களிடம் ஒரு வார்த்தை விளக்கம் கேட்கவில்லை.

அவள் உயர்நீதிமன்றத்தில் வழக்குப் போட்டாள். என்னையும் கூப்பிட்டாள். "கேஸுன்னா இழுத்துக்கிட்டே போகும். கல்யாணப் பேச்சு நடக்குற நேரத்துல வேண்டாம்" என்றார் அப்பா. எனக்கும் அது சரியென்றே பட்டது. கல்யாணம் அமையவில்லை. கொஞ்ச காலம் கழித்து இருவரும் சிங்கப்பூர் வந்து, வேறு வேறு பாலர் பள்ளிகளில் தமிழ் சொல்லிக்கொடுத்தோம். சுவா சூ காங்கில் ஒரு வீட்டில் ஓர் அறையை எடுத்துத் தங்கினோம்.

வழக்கு தள்ளிப்போகும்போதெல்லாம் அவள் சாப்பிடாமல் படுத்துவிடுவாள். நான்தான் தேற்றுவேன். நல்லவேளை, நான் இதில் மாட்டிக்கொள்ளவில்லை என்று உள்ளுக்குள் நிம்மதியாக இருக்கும்.

தீர்ப்பு வந்த அன்று சீனப் புத்தாண்டு விடுமுறை. மற்ற இடங்களில் கடைகள் மூடியிருந்ததால், இந்தியக் கடைகள் நிறைந்த தேக்காவுக்குச் சாப்பிடப் போயிருந்தோம். பாதிச் சாப்பாட்டில் வழக்கறிஞர் அழைத்தார். இடது கையால் போனை மேசையில் வைத்து ஸ்பீக்கரில் போட்டாள்.

"ஜெயிச்சாச்சும்மா. விளக்கம் கேக்காம ரத்து பண்ணது செல்லாதுன்னுட்டாங்க. திரும்ப வேலை குடுக்கணும்."

நான் போன் பக்கம் குனிந்தேன். "சார், என் பேரும் அதே ஆர்டர்லதான் இருக்கு. எனக்கும் சேத்துத்தானே?"

அவர் தயங்கினார். "நீங்க மனு போடலையேம்மா. தீர்ப்பு மனுதாரருக்கு மட்டும்தான்."

அவள் என்னைக் கட்டிக்கொண்டு அழுதாள். எனக்கு வயிறு எரிந்தது. அதற்கு நாகரிகமான வேறு சொல் எனக்குத் தெரியவில்லை. கல்லூரியில் அவளைவிட அதிக மதிப்பெண் வாங்கியவள் நான். தேர்வுப் பட்டியலில்கூட என் பெயர் அவளுக்கு மேலே இருந்தது.

ஊருக்குக் கிளம்புமுன் அவள் பருத்திப் புடவைகள் வாங்க என்னைச் சிராங்கூன் சாலைக்கு அழைத்துப் போனாள். ஒன்றைத் தோளில் போட்டுக்கொண்டு, "கவர்மென்ட் டீச்சர் மாதிரி இருக்காடி?" என்று கேட்டாள்.

"நீதானே டீச்சர். உனக்குத் தெரியாதா?" என்றேன்.

அவள் அதற்குமேல் எதையும் என்னிடம் காட்டவில்லை. தானே இரண்டைத் தேர்ந்தெடுத்து வாங்கிக்கொண்டாள்.

அவள் போனபின் வீட்டுக்கார அக்கா சொன்னார்: "நீயும் கேஸ் போடு லா. ரெண்டு பேருக்கும் சேம் லெட்டர்தானே?"

அதே வழக்கறிஞர் மூலம் போட்டேன். இவ்வளவு காலம் என்ன செய்தீர்கள், இன்னொருவர் போராடி ஜெயித்தபின் வந்து பங்கு கேட்க முடியாது என்று நீதிபதி முதல் விசாரணையிலேயே தள்ளுபடி செய்துவிட்டார். மேல்முறையீடு செய்தோம். லீவு நாட்களில் அவள் பஸ் ஏறி வழக்கறிஞர் அலுவலகத்துக்குப் போய் என் காகிதங்களுக்காகக் காத்துக் கிடந்தாள். பள்ளியிலிருந்து அவள் அனுப்பும் குரல் செய்திகளில் பின்னால் பிள்ளைகள் செய்யுள் ஒப்பிக்கும் சத்தம் கேட்கும். செய்தியைவிட அதைத்தான் திரும்பத் திரும்பக் கேட்டேன். எனக்காக அலைகிறவள்மேல் பொறாமைப்படுவது கேவலம் என்று தெரியும். தெரிந்ததால் பொறாமை குறையவில்லை.

மேல்முறையீடும் தள்ளுபடியானது. என் வகுப்புக் குழந்தைகள் மதியத் தூக்கத்தில் இருந்தார்கள். வெளியே தாழ்வாரத்தில் நின்று போனை எடுத்தேன்.

"அன்னிக்கே உன்னை இழுத்துட்டுப் போய்க் கையெழுத்துப் போட வச்சிருக்கணும்டி" என்று அவள் அழுதாள்.

"நீ கூப்பிட்ட. நான்தான் வரல."

அவள் பக்கம் மணி அடித்தது. "கிளாஸுக்குப் போ" என்றேன்.

"பரவால்ல. இப்ப எனக்கு ஃப்ரீ பீரியட்தான்."

தீர்ப்பைக் கேட்டபோது வராத அழுகை அந்த ஃப்ரீ பீரியடைக் கேட்டதும் வந்தது.

வேலை அனுமதியைப் புதுப்பித்துக்கொண்டேன். அவள் படுத்திருந்த கட்டிலுக்கு, மருத்துவமனையில் தாதியாக வேலை பார்க்கும் ஒரு பெண் வந்துவிட்டாள். தோழி இப்போதும் வகுப்பறைப் படங்கள் அனுப்புகிறாள். உடனே பதில் போட என்னால் முடிவதில்லை. மறுநாள் போடுகிறேன்.