சொந்தக் குரலில் ஒரு வரி

படப்பிடிப்புத் தளத்தில் அவளைக் கிரீடம் என்றுதான் கூப்பிடுவார்கள். இருபத்தாறு வருஷத்துக்கு முன் அழகிப் போட்டியில் ஜெயித்ததால் வந்த பட்டப்பெயர். அசல் கிரீடம் அவளிடம் இருந்தது ஒரே வருஷம். அடுத்த அழகிக்குச் சூட்ட வேண்டும் என்று போட்டியை நடத்தியவர்கள் கையெழுத்து வாங்கிக்கொண்டு எடுத்துப் போய்விட்டார்கள். பெயர் மட்டும் தலையை விட்டு இறங்கவில்லை.

முகம் அம்மாவுடையது, தொண்டை அப்பாவுடையது. கரகரவென்று மணல் அள்ளிப் போட்ட தொண்டை. போட்டியின் கேள்விச் சுற்றில் அவள் வாயைத் திறந்ததும் நடுவர் ஒருவர் மைக்கைத் தட்டிப் பார்த்தார். சினிமா இரண்டே படங்களில் அவளைக் கைகழுவியது. தொலைக்காட்சி பெரிய மனது பண்ணியது: முகம் இருக்கட்டும், குரலுக்கு வேறு ஆள் போட்டுக்கொள்ளலாம். நடுவில் கல்யாணம் ஒன்று வந்தது, போனது. பத்தொன்பது வருஷமாகத் தொடர்களில் அண்ணியாகவும் ஓரகத்தியாகவும் காபித் தட்டு ஏந்தி வருகிறாள்.

இதிலெல்லாம் அவளுக்குப் பெரிய குறை இருந்திருக்காது. குறை அப்பாவால் வந்தது.

அப்பா கடிகாரம் பழுதுபார்த்தவர். மகள் மேடையில் நடந்து ஜெயித்த அன்று கடைக் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளேயே உட்கார்ந்துவிட்டார். செய்தித்தாளில் வந்த படத்தை ஏறெடுத்தும் பார்க்கவில்லை. நான்கு வருஷம் பேச்சில்லை; ஒரே வீட்டுக்குள் அம்மாதான் இருவருக்கும் தூது போய் வந்தாள். அம்மா போனபின் தூதுக்கு ஆளில்லாமல் நேரடியாகப் பேசவேண்டி வந்தது. மெல்ல மெல்ல அவர் மனசும் இளகியது. “உன் நாடகத்தைப் போடு, பார்ப்போம்” என்று அவர் வாயால் சொன்ன வருஷத்தில் கண்ணழுத்த நோய் முற்றி, பார்வை முக்கால்வாசி போயிருந்தது. மீதியும் சீக்கிரமே விடைபெற்றது. பார்க்க முடிந்த காலத்தில் மாட்டேன் என்றவர், பார்க்கிறேன் என்றபோது முடியாதவர் ஆனார்.

காது மட்டும் பழைய கூர்மை. கடிகாரத்தைத் திறக்காமலே, காதில் வைத்து, எந்தச் சக்கரம் தேய்ந்திருக்கிறது என்று சொல்கிற காது.

“இப்பப் பேசினது யாரு?” என்று ஒருநாள் தொலைக்காட்சியில் தொடர் ஓடும்போது கேட்டார்.

“நான்தாம்பா. அந்த அண்ணி.”

“அது நீ இல்லையே. தேனை ஊத்தி வச்ச மாதிரி பேசுது.”

“மூஞ்சி என்னுதுப்பா. குரல் இன்னொருத்தங்க குடுக்கறாங்க.”

“எனக்கு மூஞ்சியும் தெரியல, குரலும் நீ இல்ல. நீ நடிக்கிறேன்னு நீ சொல்றே, நான் நம்பறேன். அவ்வளவுதான்.”

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். அவளுக்கு அது உள்ளே போய் உட்கார்ந்துகொண்டது. அந்தப் பெட்டியிலிருந்து ஒரே ஒரு தடவை தன் குரல் அவர் காதில் விழவேண்டும். அவர் வயது எண்பத்தொன்று. ஆற அமரக் காத்திருக்க முடியாத ஆசை.

இயக்குநரிடம் கேட்டாள். “வேண்டாம் கிரீடம், வீடுகள்ல குழந்தைங்க இருக்கு” என்றார் அவர். தமாஷ் பண்ணினாராம்.

கடைசியில் குரல் கொடுப்பவளிடமே போனாள். பதினோரு வருஷமாக இவள் வாயும் அவள் குரலும் சேர்ந்து குடித்தனம் நடத்துகின்றன. இருவரும் நேரில் சந்தித்தது இரண்டே முறை. தீப்பெட்டி அளவு ஒலிப்பதிவு அறை. குரல்காரி ஸ்வெட்டரைப் போர்த்திக்கொண்டு ஃபிளாஸ்கிலிருந்து வெந்நீர் குடித்துக்கொண்டிருந்தாள்.

“ஒரு வரி மட்டும் நான் பேசிக்கறேன் அக்கா. எங்கப்பா கேட்கணும்.”

“உன் வாயில இத்தனை வருஷமா குடியிருக்கேன். ஒரு வரிக்கு என்ன, எடுத்துக்கோ.”

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்த ஒலிப்பதிவாளர் நெளிந்தார். “மேடம், குரல் மாறினா நான் மாட்டிப்பேன்.”

“அவளுக்கு இருக்கறதே மூணு வரி. யாரு கவனிக்கப் போறா?” என்றாள் குரல்காரி. ஆதரவாகச் சொன்னதுதான். கிரீடத்துக்குச் சுருக்கென்றது.

ஒலிப்பதிவாளர் யோசித்து, முகம் தெரியாத ஒரு வரியை ஒதுக்கிக் கொடுத்தார். கதாநாயகி அழுதுகொண்டிருக்கும்போது சமையலறையிலிருந்து குரல் மட்டும் வரும்: “காபி வச்சிருக்கேன். ஆறிடப்போகுது.” முகத்தை வைத்தே பிழைத்தவளுக்குக் குரல் கிடைத்தபோது முகம் கழன்றுகொண்டது.

அதையும் ஆறு தடவை கெடுத்தாள். காபி ஆறுவதை ஒரு மரணம்போலச் சொன்னாள். “நடிக்காதீங்க மேடம். வீட்டுல சொல்ற மாதிரி சொல்லுங்க” என்றார் அவர். ஏழாவது தடவை வீட்டில் சொல்கிற மாதிரியே சொன்னாள்.

ஒளிபரப்பாகும் அன்று, “இன்னைக்கு என் குரல் வருதுப்பா, கவனமா கேளுங்க” என்று காலையிலேயே சொல்லிவைத்தாள். சாயங்காலம் ஆறரைக்கு அப்பா தோய்த்த சட்டை போட்டுக்கொண்டார். சுவரைத் தடவிப் போய், இடைஞ்சலாக இருக்கும் என்று ஊசல் கடிகாரத்தை நிறுத்தினார். அறுபது வருஷத்தில் ஓடுகிற கடிகாரத்தை அவர் நிறுத்தியது அன்றுதான். சமையலறை வாசலை ஒட்டித் தொலைக்காட்சி. எதிரே நாற்காலியில் அவர், தலையை ஒருபக்கம் சாய்த்து. பின்னால் ஸ்டூலில் அவள், மூச்சுவிடாமல்.

தேன்குரல் இரண்டு வரி பேசியது. “இது இல்ல” என்று தலையாட்டினார். கதாநாயகி அழத் தொடங்கினாள்.

“காபி வச்சிருக்கேன். ஆறிடப்போகுது.”

அப்பா சமையலறைப் பக்கம் கையை வீசினார். “ஆறட்டும் விடு. பேசாம வந்து உட்காரு. உன் குரல் வர்ற நேரத்துல நீயே சத்தம் போடறியே.”

அவள் வாயைத் திறந்தாள். பத்தொன்பது வருஷத்தில் அவள் வசனத்துக்கு நேயர் ஒருவர் பதில் சொன்னது அதுதான் முதல் தடவை. திறந்த வாயை மூடிக்கொண்டாள்.

அவர் இன்னும் முன்னால் சாய்ந்து, விளம்பரங்களைக்கூட விடாமல் கேட்டுக்கொண்டிருந்தார். அவள் சத்தமில்லாமல் எழுந்து, நுனிக்காலில் நடந்து சமையலறைக்குப் போய், அடுப்பில் பாலை வைத்தாள்.

முடிவு இசை வந்தபோது அவர் கைக்குப் பக்கத்தில் கோப்பை இருந்தது.

“வரவேயில்லையேம்மா” என்றார். அவளைவிட அவர்தான் ஏமாந்திருந்தார்.

“வெட்டிட்டாங்க போல.”

“நாளைக்காவது வருமா?”

“பார்க்கலாம்பா.”

அவர் கோப்பையைத் தொட்டார். விரலை வெடுக்கென்று இழுத்துக்கொண்டார்.

“ஆறிடப்போகுதுன்னு அப்பவே சொன்னே. இன்னும் கொதிக்குதே.”