எந்த ஃபாண்டன்ட்?

"எந்த ஃபாண்டன்ட்?"

ஸ்டோர் ஜன்னலில் நீட்டிய சீட்டை வாங்கி, மூக்குக்கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, ஒரு தரம் படித்துவிட்டுத்தான் கேட்கிறார். நீட்டிய பெண் பள்ளியில் சேர்ந்து மூன்று நாள்தான் ஆகிறது. ஃபாண்டன்ட் என்றால் ஃபாண்டன்ட், அதில் என்ன எந்த என்று முழிக்கிறாள்.

"கேக்குக்கு மேல போத்துற போர்வையா? மிட்டாய்க்குள்ள வைக்கிற வெள்ளைப் பசையா? ஸ்பூனால குத்தினா நடுவுல சாக்லெட் ஒழுகுமே, அதுவா? இல்ல, உருளைக்கிழங்கா?"

"உருளைக்கிழங்கா!" அந்தப் பெண்ணுக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"சிரிச்சுக்கிட்டே போய் டீச்சரைக் கேட்டுட்டு வாம்மா. நான் தராசைத் துடைச்சு வைக்கிறேன்."

சமையல் கலைப் பள்ளி ஒன்றில் பதினெட்டு வருடமாக அவர் ஸ்டோர் கீப்பர். முதல்வர் முதல் தரை துடைப்பவர் வரை எல்லோருக்கும் அவர் 'எந்தண்ணன்'தான். கேசரோல் என்று சீட்டு வந்தால், "எந்த கேசரோல்? பாத்திரமா, பாத்திரத்துக்குள்ள இருக்கறதா?" என்பார். ஆனால் மற்ற சொற்களெல்லாம் ஃபாண்டன்டுக்குக் கிட்டே வர முடியாது. அந்த ஒரு சொல்லைக் கேட்டால் மட்டும் அவர் முகம் பொங்கல் போனஸ் வந்தவர் மாதிரி ஆகிவிடும் என்று சொல்லலாம். ஆனால் போனஸ் வந்த நாளிலும் அவர் இத்தனை பிரகாசமாக இருந்ததில்லை என்று ஆபீஸ் கிளார்க் சத்தியம் செய்கிறார்.

இத்தனைக்கும் மனிதருக்குச் சமையல் சுத்தமாக வராது. வெந்நீர் வைத்தால்கூடப் பாத்திரம் தீயும். அவருக்குப் பண்டங்கள் தெரிவது ருசியால் அல்ல, அலமாரியிலிருந்து என்ன இறங்குகிறது என்பதை வைத்து. சர்க்கரை ஒரு கிலோ, குளுக்கோஸ் கொஞ்சம் இறங்கினால் அது பாகு காய்ச்சிப் பளிங்குக் கல்லில் ஊற்றி, வெள்ளை வெளேரென்று ஆகும்வரை தேய்த்தெடுக்கிற ஃபாண்டன்ட். மாவுச் சர்க்கரையோடு ஜெலட்டினும் இறங்கினால் கேக் போர்வை. முட்டை, வெண்ணெய், சாக்லெட் இறங்கினால் ஒழுகுகிற ஜாதி. உருளைக்கிழங்கு, வெண்ணெய், பூண்டு, ஒரு கொத்து தைம் இலை என்றால், கிழங்கைக் கட்டையாகச் செதுக்கி, வெண்ணெயில் சிவக்க விட்டு, காய்கறிச் சாற்றில் வேகவைக்கிற நாலாவது வகை. ஆக, அவரைப் பொறுத்தவரை ஃபாண்டன்ட் என்பது ஒரு சொல் அல்ல, நாலு தட்டு.

இந்த ஞானம் சும்மா வரவில்லை. வேலைக்குச் சேர்ந்த புதிதில், 'ஃபாண்டன்ட், பன்னிரண்டு பேருக்கு' என்று ஒரு சீட்டு வந்தது. அவர் மாவுச் சர்க்கரையை மலை மாதிரி குவித்து அனுப்பிவிட்டார். அங்கே ஆசிரியை வறுத்த இறைச்சியை வைத்துக்கொண்டு, பக்கத்தில் வைக்கக் கிழங்குக்காகக் காத்திருந்தார். அன்று வாங்கிய திட்டு அவருக்கு இன்னும் காதில் கேட்கிறது. கோபம் ஆறின பிறகு அந்த ஆசிரியையே விளக்கினார்: அது பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து வந்த சொல், 'உருகுகிறது' என்று அர்த்தம், வாயில் போட்டால் நாலுமே உருகும். எந்தண்ணன் யோசித்துப் பார்த்துவிட்டுச் சொன்னாராம்: "வாயில நாலும் உருகட்டும் மேடம். என் அலமாரியில நாலும் வேற வேற தட்டுல இருக்கே!"

அவருக்கு இரண்டு ரகசியங்கள் உண்டு. முதலாவது, ஜன்னலுக்குப் பின்னால் கவிழ்த்துப் போட்ட மரப்பெட்டி. பழம் வந்த பெட்டி. அதன்மேல் நின்றுகொண்டுதான் பதினெட்டு வருடமாகச் சாமான் கொடுக்கிறார். ஐந்தடிக்கு இரண்டு விரற்கடை குறைச்சல். பெட்டியோடு சேர்த்துப் பார்த்தால் ஆள் ஆஜானுபாகு. காலையில் எல்லோருக்கும் முன்னால் வந்துவிடுவார், மாலையில் எல்லோரும் போன பிறகுதான் வெளியே வருவார். அவருக்குக் கால் இருக்கிறதா என்று மாணவர்களுக்குள் ஒரு பந்தயமே உண்டு. முதல்வருக்கும் கிளார்க்குக்கும் விஷயம் தெரியும். நல்லவர்கள், வெளியே விடவில்லை.

இரண்டாவது ரகசியம், பதினொன்றாம் நம்பர் மாணவி.

பதினொன்றாம் நம்பர் அவருடைய மனைவி. அவரைவிட ஒரு சாண் உயரம். இருபத்திரண்டு வருடம் பிஸ்கட் தொழிற்சாலையில் பொட்டலம் கட்டினாள். தொழிற்சாலை மூடியதும் ஆஸ்பத்திரிச் சமையலறையில் தற்காலிக ஆளாகச் சேர்ந்தாள். அங்கே தலைமைச் சமையல் வேலை காலியாக இருக்கிறது. அவள் கைப்பக்குவம் அங்கே எல்லோருக்கும் பிடித்துப்போயிற்று, சான்றிதழ்தான் இல்லை. அதற்காக நாற்பத்தெட்டு வயதில், பிள்ளைகள் வயதில் இருப்பவர்களோடு உட்கார்ந்து படிக்கிறாள். சென்ற முறை செய்முறைத் தேர்வில் முட்டையும் பாலும் சேர்த்துக் காய்ச்சிய கஸ்டர்ட் திரிந்துபோய், ஏழு மதிப்பெண்ணில் கோட்டை விட்டாள். இரண்டு முறைதான் எழுதலாம். இந்த முறையும் போனால் போனதுதான்.

சலுகை காட்டினார் என்று யாரும் நாக்கைப் புரட்டிப் பேசக்கூடாது என்பதற்காகப் பள்ளியில் இருவரும் தெரிந்த மாதிரியே காட்டிக்கொள்வதில்லை. பேருந்தில்கூடத் தனித்தனி. இதுவும் முதல்வருக்கும் கிளார்க்குக்கும் மட்டும்தான் தெரியும். இதில் ஒரே ஒரு சங்கடம். மாணவர்கள் அத்தனை பேரும் அவரை 'அண்ணா' என்கிறார்கள். கட்டின புருஷனை எப்படி அண்ணா என்று கூப்பிடுவது? அவள் மட்டும் 'சார்' என்பாள். சொல்லிவிட்டு உதட்டைக் கடித்துக்கொள்வாள். என்ன மரியாதையான அம்மா என்று பிள்ளைகள் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

வீட்டில் கதையே வேறு. அவள் சாப்பாடு பரிமாற, அவர் தட்டுக் கணக்கை ஆரம்பித்துவிடுவார். "கேளு, இன்னிக்கு ஃபாண்டன்ட் சீட்டு நாலு வந்துது. ரெண்டு போர்வை, ஒண்ணு பசை, ஒண்ணு ஒழுகுறது." "உங்க ஃபாண்டன்ட்ல உப்பு இருக்கா பாருங்க, ரசத்துல போட மறந்துட்டேன்" என்பாள் அவள். ஆனால் காதில் வாங்கிக்கொண்டுதான் இருந்தாள். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் நாலில் ஒன்றைச் செய்து பார்த்தாள். மூன்று பிடிபட்டுவிட்டன. கிழங்கு மட்டும் அடம்பிடித்தது. மூன்று தரம் செய்ததில் இரண்டு தரம் வெண்ணெய் கருகிவிட்டது.

தேர்வு நாள் வந்தது. வெளியிலிருந்து வந்த தேர்வாளர் அம்மாள் சாம்பல் நிறக் கோட்டும் சிரிக்காத முகமுமாகக் கரும்பலகைக்குப் போய் ஒரே ஒரு சொல்லை எழுதினார். ஃபாண்டன்ட். அதற்குக் கீழே, இரண்டு மணி நேரம். அவ்வளவுதான்.

செய்தி ஸ்டோருக்கு வந்தபோது எந்தண்ணன் தராசைத் துடைப்பதை நிறுத்திவிட்டார். பதினெட்டு வருடமாக அவர் கேட்ட கேள்வி இன்று பரீட்சையிலேயே வந்துவிட்டது. அவரால் அதைக் கேட்க முடியாது! தேர்வன்று ஸ்டோர் ஆள் வாய் திறக்கக்கூடாது. சீட்டை வாங்கு, சாமானைக் கொடு, அவ்வளவே. மனைவி எழுதுகிறாளே என்று அவரேதான் முதல்வரிடம் கேட்டு, கிளார்க்கைக் காவலுக்கு ஜன்னலருகே ஸ்டூல் போட்டு உட்காரவைத்திருந்தார்.

பிள்ளைகள் பாய்ந்து வந்தார்கள். முதல் சீட்டு மாவுச் சர்க்கரை. இரண்டாவதும் அதே. மூன்றாவதும். ஆறு பேர் ஆளுக்கு அரைக் கிலோ வாங்கியதில் மூன்று கிலோ டப்பா காலி. இரண்டு பேர் சாக்லெட்டைத் தீர்த்தார்கள். இன்னும் இரண்டு பேர் சர்க்கரை மூட்டையை உதறிக்கொண்டு போனார்கள். பதினொன்றாம் நம்பரோ கூட்டத்துக்கு வெளியே, சுவரோரமாக, ஆற அமர நின்றுகொண்டிருந்தாள். அலமாரி கண்ணெதிரே காலியாகிறது, இவள் என்ன வேடிக்கை பார்க்கிறாள்? வா, வா என்று கண்ணால்கூடச் சொல்லவில்லை அவர். கிளார்க் பார்க்கிறார் என்பதற்காக அல்ல; தனக்குத் தானே கொடுத்துக்கொண்ட வாக்குக்காக.

கடைசியாக அவள் வந்தாள். "இந்தாங்க சார்."

உருளைக்கிழங்கு ஆறு. வெண்ணெய் நூற்றைம்பது கிராம். பூண்டு, தைம். சாற்றுக்கு வெங்காயம், காரட்.

எந்தண்ணனுக்குப் பெட்டியின்மேல் நின்றபடியே குதிக்கவேண்டும் போல இருந்தது. நாலாவது தட்டு! கேட்டிருக்கிறாள், ஒரு வார்த்தை விடாமல் கேட்டிருக்கிறாள்! அடுத்த நொடியே நினைவு வந்தது. மூன்றில் இரண்டு தரம் கருகுமே!

கிழங்குக் கூடையில் கையை விட்டார். கை அதுவாகவே ஒரே அளவான, வழவழப்பான கிழங்குகளைத் தேடிப் போனது. சட்டென்று நிறுத்திக்கொண்டார். கண்ணை இறுக மூடி, கைக்கு வந்த முதல் ஆறை எடுத்துத் தட்டில் வைத்தார். ஒன்று கோணல் மாணலாக, மூக்கு முளைத்தாற்போல இருந்தது. அவள் அந்தக் கிழங்கைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள், வாயைக் கோணிக்கொண்டு போனாள். வெண்ணெயிலும் தராசு முள் நூற்றைம்பதைத் தாண்டியதென்று ஒரு துணுக்கை எடுத்துவிட்டதை அவள் கவனித்திருக்க மாட்டாள் என்று அவர் நம்புகிறார்.

பிறகு அவருக்குப் பார்க்க ஒன்றும் இல்லை. சமையல் கூடம் நடையின் அந்தக் கோடியில் இருந்தது. ஜன்னலில் வாசனை மட்டும்தான் வரும். முதலில் பாகு கொதிக்கிற வாசனை. கொஞ்ச நேரத்தில் தீய்ந்த சர்க்கரை நெடி. பாவம், யாரோ ஒரு பிள்ளை. அப்புறம் சாக்லெட். ஒரு மணி நேரம் போனது. கிழங்கு எங்கே? வெண்ணெய் எங்கே?

வந்தது. முதலில் பச்சை வெண்ணெய். பிறகு நுரை அடங்கி, பருப்பு வறுபடுகிற மாதிரி ஒரு வாசனை. எந்தண்ணன் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டார். இங்கேதான், இங்கேதான் வீட்டில் இரண்டு தரம் கோட்டைத் தாண்டியது. "இப்ப ஊத்து, சாறை ஊத்து" என்று வாய் முணுமுணுத்தது. "என்ன?" என்றார் கிளார்க். அவர் வாயைக் கையால் பொத்திக்கொண்டார். வாசனை இன்னும் ஏறியது. காந்தல் தொடங்க ஒரு மயிரிழைதான். சரேலென்று ஒரு சத்தம், நடை முழுக்கக் கேட்டது; சூடான வெண்ணெயில் சாறு விழுந்த சத்தம். பின்னாலேயே பூண்டும் தைமும் கலந்து புகை மாதிரி வந்தது. அவர் கண்ணில் தண்ணீர் நின்றது. "வெங்காயம் உரிச்ச கை" என்று கிளார்க்கிடம் பொய் சொன்னார்.

கூடத்துக்குள் நடந்ததைப் பிற்பாடு எல்லோரும் சொன்னார்கள். தேர்வாளர் அம்மாள் சர்க்கரை, சர்க்கரை, சர்க்கரை என்று பத்துத் தட்டு ருசி பார்த்து, தண்ணீர் குடித்து, வாய் திகட்டிப்போய்க் கடைசி மேஜைக்கு வந்தாராம். தட்டில் கிழங்கு. மேலே பொன் நிறம், முள்கரண்டி பட்டதும் உள்ளே குழைந்தது. பக்கத்து மேஜையில் யாரோ களுக்கென்று சிரித்தார்களாம். அம்மாள் திரும்பி ஒரு பார்வை பார்த்துவிட்டு, நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். இரண்டாவது கிழங்கையும் எடுத்தார். "இதையும் ஃபாண்டன்ட்னு சொல்லுவாங்கன்னு இங்க ஒருத்தருக்காவது தெரியுமான்னு பார்த்தேன்" என்றாராம்.

சாயங்காலம் நடையில் நின்று கிளார்க்தான் பட்டியலைப் படித்தார். ஒன்பது பேர் தேறியிருந்தார்கள். "பதினொண்ணாம் நம்பர், பாஸ். முதல் இடம்."

எந்தண்ணன் ஜன்னலில் நின்று கேட்டார். கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றினார், இறக்கினார், மறுபடி ஏற்றினார்.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவள் வந்தாள். நெற்றியில் முடி ஒட்டியிருந்தது, கன்னத்தில் கரி. கையில் ஒரு தட்டு. அதில் அந்தக் கோணல் கிழங்கு. செதுக்கச் செதுக்க மிஞ்சியது கொஞ்சம்தான், ஆனாலும் பொன்னாகச் சிவந்திருந்தது. பத்து மாணவர்களும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"ஏங்க, சாப்பிட்டுப் பாருங்க" என்றாள். 'சார்' வரவில்லை. இரண்டு வருடம் காத்த வாய் அந்த ஒரு நொடியில் மறந்துவிட்டது. "மாவுச் சர்க்கரைக்குத்தான் அடிதடி. உருளைக்கிழங்கை எவன் பிடுங்கப் போறான்னு பேசாம நின்னேன்."

"ஏங்கவா?" என்று ஒரு பையன் பக்கத்தில் இருந்தவனைக் கேட்டான். அவளுக்குச் சொன்னது அப்போதுதான் உறைத்தது. முகம் வெளுத்து, தட்டைச் சற்றுப் பின்னுக்கு இழுத்தாள்.

ஜன்னலில் இருந்த தலை காணாமல் போனது. உள்ளே மரப்பெட்டி உருண்ட சத்தம் கேட்டது. ஸ்டோர் கதவு திறந்தது. தேய்ந்த செருப்பும், கணுக்காலில் இரண்டு மடிப்பு மடித்த கால்சட்டையுமாக எந்தண்ணன் வெளியே வந்தார். அத்தனை பேருக்கும் நடுவே, எட்டி எட்டி அல்ல, நிதானமாக நடந்து அவளிடம் போனார். அவள் தோளுக்குத்தான் வந்தார். அண்ணாந்து பார்த்து, நுனிக்காலில் எம்பி, தராசு துடைக்கிற துணியால் அவள் கன்னத்துக் கரியைத் துடைத்துவிட்டார்.