பிரெஞ்சுக் கொலைக்கு ஒஸ்லோவில் இடம் பார்த்தவள்

சினிமாவுக்கு இடம் பார்க்கிற வேலை என்பது, நல்ல மனிதர்களின் வீட்டு மணியை அழுத்தி, உங்கள் சமையல் குசினியில் ஒருவரைக் கொல்லலாமா என்று மரியாதையாகக் கேட்பது. கதவு தட்டிப் பிழைக்கிறவர்களுக்கு அந்த நெஞ்சிடி விளங்கும்.

பாரிஸில் பத்து வருஷம் இருந்துவிட்டு ஒஸ்லோவுக்கு வந்தவள் நான். அங்கே பழகிய பிரெஞ்சால்தான் இயக்குநர் ரெமியிடம் வேலை கிடைத்தது. முப்பது வருஷமாகக் குற்றப்படம் எடுக்கிறவர். கடைசி மூன்றும் ஓடவில்லை. இதுவும் விழுந்தால் இனி ஒருவரும் தன்னை நம்பிப் படம் தரமாட்டார்கள் என்று முதல்நாளே சொன்னார்.

சங்கத் தலைவி

முதல் கொலைக்கு ஒஸ்லோவின் புறநகரான குரோருட்டில் ஒரு மாடிக் குடியிருப்பைப் பிடித்தேன். குடியிருப்புச் சங்கத் தலைவி ஒரு நோர்வேக்காரி. கதை முழுவதையும் வாசித்த பிறகே முடிவு என்றார். படிக்கட்டெல்லாம் இரத்தம், துப்பாக்கி, இரண்டு பிணம். கூப்பிட்டதும் போனேன். தாளில் படப்பிடிப்பு நாள் எழுதிய ஒரேயொரு வரியின் கீழ்தான் கோடு போட்டிருந்தார்.

"கொலையைச் சனிக்கிழமையே முடித்துவிடுங்கள். ஞாயிற்றுக்கிழமை இங்கே சத்தம் போடக்கூடாது."

செத்தவருக்குத் தேத்தண்ணி

இரண்டாவது பிணம் இன்னொரு புறநகரான ஹொல்ம்லியாவில், எனக்குத் தெரிந்த இரத்தினம் அக்கா வீட்டுக் குசினியில். நடிகர் காலையிலிருந்து தரையில் கிடந்தார். அக்கா பொறுத்துப் பார்த்துவிட்டு, ரெமியைத் தாண்டி, தேத்தண்ணிக் கோப்பையோடு பிணத்தண்டை குனிந்தா. இன்னும் ஒரு தடவை எடுக்கவேண்டும் என்று ரெமி மறித்தார். அக்கா என்னைப் பார்த்துச் சொன்னதை அப்படியே பிரெஞ்சில் சொன்னேன். ரெமி சிரித்ததை அன்றுதான் முதன்முதலில் கண்டேன்.

"பிள்ளை, உந்த மனுசனுக்குச் சொல்லு, இவர் இதைக் குடிச்சிட்டுத் திரும்பச் சாகட்டும்."

கார் இல்லாத துரத்தல்

முடிவில் பெரிய கார்த் துரத்தல். அன்று காலை, வீதியை மறிக்க அனுமதியில்லை என்று தகவல் வந்துவிட்டது. தயாரிப்பாளர் பாரிஸிலிருந்து போன் எடுத்து, காட்சியை வெட்டிவிட்டு வரச் சொன்னார். ரெமி எங்கள் வான் வண்டிக்குள் முகத்தைப் பொத்திக்கொண்டு இருந்தார்.

வேறொரு சின்னக் காட்சிக்காக ஹொல்ம்லியா ஸ்டேஷன் அனுமதி என் கையில் இருந்தது. "கார் வேண்டாம்," என்றேன். "கொலைகாரன் ரயிலுக்கு நிற்கட்டும். பொலிஸ்காரனும் அதே மேடைக்கு வரட்டும். சனத்துக்கு நடுவில் ஆளையாள் பார்த்துக்கொண்டு ரயில் வரும்வரை நிற்கட்டும்."

அது என் வேலையில்லை.  ரெமி முகத்திலிருந்து கையை எடுத்தார். பிறகு இறங்கிப்போய்க் கமராக்காரரின் தோளில் தட்டினார்.

"பெட்டிகளைத் தூக்கு. மடாம் எனக்கு முடிவைத் தந்துவிட்டார்."

முதற்காட்சி

ஒஸ்லோவில் மண்டபம் நிறைந்திருந்தது. ரயில் மேடைக் காட்சியில் ஒருவரும் இருமக்கூட இல்லை. முடிந்ததும் எல்லாரும் எழும்பி நின்று கை தட்டினார்கள். ரெமி என் நீண்ட பெயரைப் பிழையில்லாமல் சொல்லி மேடைக்கு அழைத்தார், அழுதுவிட்டேன். பாரிஸிலும் படம் ஓடோ ஓடென்று ஓடியது. காட்சியை வெட்டச் சொன்ன தயாரிப்பாளர் ஓடிவந்து என் கையைக் குலுக்கினார்.

"அந்த ரயில் யோசனை எனக்கு முதலே இருந்தது."

இப்போது ரெமி அடுத்த படத்துக்கு நோர்வேயின் வடகோடி ஊரான ஹம்மர்பெஸ்ட்டில் இடம் கேட்கிறார். அங்கே எத்தனை பேர் சாகிறார்கள் என்று கேட்காமலே நானும் ஓம், பார்க்கிறேன் என்றுவிட்டேன்.